பையன் "மாமி"ன்னு கூப்பிடறான்: எல் சல்வடோர் அக்காவும் பதினோரு வருஷம் கழிச்சு வந்த பொண்ணும்

கறிவேப்பிலை (இழையைத் தொடங்கியவர்):

வணக்கம். லாஸ் ஏஞ்சலஸ் பக்கம் டாரன்ஸ்ல இருக்கோம். ரெண்டு பேருக்கும் ஆபீஸ். பையனுக்கு ரெண்டரை வயசு. ஒரு வருஷம் மூணு மாசமா, மத்திய அமெரிக்காவுல இருக்கிற எல் சல்வடோர்ல இருந்து வந்த ஒரு அக்கா வீட்டுக்கே வந்து பார்த்துக்கறாங்க. எனக்கு ஸ்பானிஷ் அரைகுறை, அவங்களுக்கு இங்கிலீஷ் அரைகுறை. எப்படியோ ஓடுது.

பையன் அவங்களை "மாமி"ன்னு கூப்பிட ஆரம்பிச்சதும் எனக்கு ஒரே பெருமை. சொல்லிக்கொடுக்காமலே முறை வச்சுக் கூப்பிடறான்னு ஊர்ல அம்மாகிட்ட போன்ல சொல்லி சிரிச்சேன். அப்புறம்தான் புரிஞ்சது. மதியம் சாப்பிடும்போது போனை உப்பு டப்பாவுல சாய்ச்சு வச்சு அவங்க ஊருக்கு வீடியோ கால் போடுவாங்க. அந்தப் பக்கம் ஒரு பொண்ணும் ஒரு பையனும் "மாமி, மாமி"ம்பாங்க. ஸ்பானிஷ்ல அது அம்மா. எங்க பையன் அங்கேருந்துதான் பிடிச்சிருக்கான்.

விஷயத்துக்கு வரேன். அவங்க 2013-ல இங்க வந்தப்போ பொண்ணுக்கு அஞ்சு வயசு, பையனுக்கு ஒண்ணு. ரெண்டையும் பாட்டிகிட்ட விட்டுட்டு வந்திருக்காங்க. இங்க பிறந்தது இன்னொண்ணு, ஆறு வயசு. போன மாசம் பொண்ணு வந்துடுச்சு. எல்லையில பிடிபட்டு, குழந்தைகளுக்கான அரசு விடுதியில அஞ்சு வாரம் இருந்து, அம்மாவோட கைரேகை எல்லாம் எடுத்த பிறகு அனுப்பி வச்சாங்களாம். இப்போ பதினாறு வயசு. போன்ல தினம் "மாமி"ன்னு கூப்பிட்ட பொண்ணு, நேர்ல பேர் சொல்லித்தான் கூப்பிடுதாம். சாப்பாட்டை எடுத்துக்கிட்டு அறைக்குள்ள போய் கதவைச் சாத்திக்குதாம். நேத்து எங்க சமையலறையில நின்னுக்கிட்டே அழுதாங்க. அந்த நேரம் பார்த்து இவன் ஓடிவந்து "மாமி, பால்"ங்கறான். எங்க போய் முகத்தை வச்சுக்கறதுன்னு தெரியலை.

இந்த மாதிரி குடும்பங்களைத் தெரிஞ்சவங்க யாராவது இருக்கீங்களா? நான் ஏதாவது செய்யணுமா, வாயை மூடிக்கிட்டு இருக்கணுமா?

மூன்றாம்மாடி:

கோவிச்சுக்காதீங்க, மனசுல பட்டதைச் சொல்றேன். அஞ்சு வயசுப் பிள்ளையை விட்டுட்டுப் பதினோரு வருஷம் எட்டிப் பார்க்கலைன்னா எந்தப் பிள்ளைதான் பேசும்? காசு காசுன்னு ஓடினா இதுதான். ஒரே ஒரு தடவை போய்ப் பார்த்துட்டு வந்திருக்கக் கூடாதா? நம்ம ஊருக்குப் போற தூரமா அது?

பழைய_பேருந்து:

தம்பி மூன்றாம்மாடி, போகலாம். திரும்பி வர முடியாது. அதுதான் சிக்கல்.

நான் 1988-இல் இந்த ஊருக்கு வந்தவன். முதல் ஆறு வருஷம் கார் கிடையாது. விடிகாலையில் வில்ஷயர் சாலையில் மேற்கே போகிற பஸ்ஸில் ஏறினால் உட்கார இடம் இருக்காது. முக்கால்வாசி பெண்கள். மக்ஆர்தர் பூங்கா பக்கம் ஏறுவார்கள், பெவர்லி ஹில்ஸ், சான்டா மோனிகா என்று இறங்குவார்கள். எந்த வீட்டம்மா எப்படி, யார் கூடுதல் வேலை வாங்கிக்கொண்டு காசு தரமாட்டார் என்பதெல்லாம் அந்த பஸ்ஸில்தான் கைமாறும். இன்றைக்கும் அந்தச் சாலையில் ஓடும் 720-ஆம் எண் பஸ்ஸில் ஏறிப் பாருங்கள்.

அப்போது மெக்சிகோக்காரர்கள் டிசம்பர் வந்தால் ஊருக்குப் போவார்கள், பிப்ரவரியில் வந்துவிடுவார்கள். காகிதம், அதாவது இங்கே தங்க அனுமதி, இல்லாதவர்களும்தான். எல்லை தாண்டுவது கஷ்டம், ஆனால் முடிகிற கஷ்டம். 1993-இல் எல் பாசோவிலும் 1994-இல் சான் டியகோவிலும் எல்லையை இறுக்கினார்கள். பாதை அரிசோனா பாலைவனத்துக்குத் தள்ளிப்போனது. அங்கே தண்ணீர் இல்லாமல் செத்தவர்கள் ஏராளம். கூட்டிவருகிற ஆளுக்கு, அவர்கள் "கொயோட்டே" என்பார்கள், கொடுக்கிற கூலியும் ஏறியது. பிறகு 1996 சட்டம். அனுமதியில்லாமல் 180 நாளுக்கு மேல் இருந்துவிட்டு வெளியே போனால் மூன்று வருஷம் திரும்ப வரத் தடை. ஒரு வருஷத்துக்கு மேல் இருந்தால் பத்து வருஷம். ஆக, மகளைப் பார்க்க ஒரு வாரம் போவது என்றால் வேலையும் போச்சு, அனுப்புகிற பணமும் போச்சு, திரும்பிவர மறுபடி பாலைவனம்.

எல் சல்வடோர் கதையே வேறு. 1980 முதல் 1992 வரை உள்நாட்டுப் போர். 75,000 பேருக்கு மேல் மாண்டார்கள். இங்கே ஓடிவந்து அடைக்கலம் கேட்டவர்களில் அந்தக் காலத்தில் நூற்றுக்கு மூன்று பேருக்குக்கூடக் கிடைக்கவில்லை, ஏனென்றால் அந்த அரசுக்குத் துப்பாக்கி கொடுத்ததே வாஷிங்டன்தான். 2001 பூகம்பங்களுக்குப் பிறகு தற்காலிகப் பாதுகாப்பு, அதாவது நாடு கடத்தாமல் இங்கே தங்கி வேலை செய்ய அனுமதி, கொடுத்தார்கள். அதுவும் அப்போது இங்கே இருந்தவர்களுக்கு மட்டும். இந்த அம்மா 2013-இல் வந்தவர், அதில் வரமாட்டார். அந்தப் பாதுகாப்பு உள்ளவர்களுக்கும் பிள்ளையை முறையாக அழைத்துவர அதில் வழி கிடையாது.

காசுக்காகத்தான் வந்தார். அதில் என்ன தப்பு என்று எனக்கு இன்னும் புரியவில்லை. நாமெல்லாம் இங்கே எதற்கு வந்தோமாம்?

மூன்றாம்மாடி:

ஐயா, 1996 சட்டம் எனக்குத் தெரியாது. ஒரு தடவை போய்ப் பார்த்துட்டு வந்திருக்கலாமேன்னு சொன்னதை வாபஸ் வாங்கிக்கறேன். ஆனா அந்தப் பிள்ளைக்கு இந்தச் சட்டமெல்லாம் தெரியுமா? அதுக்குத் தெரிஞ்சது அம்மா வரலைங்கறது மட்டும்தானே.

பொட்டோமாக்_காரி:

நான் மேரிலாந்து. வாஷிங்டன் வட்டாரத்துல சல்வடோர் ஆளுங்க ரொம்ப. அது எப்படி ஆரம்பிச்சதுன்னு கேட்டா ஆச்சரியப்படுவீங்க. 1960கள், 70கள்லயே தூதரகக்காரங்க, உலக வங்கி, ஐ.எம்.எஃப் குடும்பங்க, அங்கேருந்து பெண்களைச் சமைக்கவும் பிள்ளை பார்க்கவும் கூட்டிட்டு வந்தாங்க. முதல்ல வந்தவங்க பெரும்பாலும் பொம்பளைங்கதான். போர் வந்தப்போ அண்ணன், தம்பி, புருஷன் எல்லாம் இவங்க இருக்கிற விலாசத்தைப் பிடிச்சு வந்தாங்க. ஆம்பளை முன்னாடி போவான், பொம்பளை பின்னாடி போவாங்கற கணக்கு இங்க தலைகீழ்.

இன்னிக்கும் தூதர்களோட வீட்டு வேலைக்காரங்களுக்கு ஏ-3, பன்னாட்டு நிறுவனக்காரங்களோட வேலைக்காரங்களுக்கு ஜி-5ன்னு தனி விசா இருக்கு. விசா அந்த ஒரு வீட்டோட கட்டிப்போட்டது. எங்க சர்ச் பக்கத்துல ஒரு பெரியம்மா அப்படி வந்து ஒரு பெரிய வீட்டுல மூணு வருஷம் தங்கி வேலை செஞ்சவங்க. யார் வீடுன்னு சொல்லமாட்டாங்க. துணி துவைக்கிற மெஷினுக்குப் பக்கத்து அறையில படுக்கை. ராத்திரி பத்து மணிக்கு விருந்தாளி வந்தா எழுந்து டீ போடணும். அப்படித் தங்கி வேலை செய்யறதுக்கு அவங்களுக்குள்ள ஒரு வார்த்தை இருக்கு: "என்செர்ராதா", அடைபட்டவள்னு அர்த்தம். அதை விட்டு வெளிய வந்து, நாளுக்கு ஒரு வீடுன்னு சுத்தம் பண்ணப் போனதை அந்தப் பெரியம்மா கல்யாணம் ஆன மாதிரி சொல்வாங்க. "என் சாவி என் பையில"ன்னு.

கறிவேப்பிலை, உங்க அக்கா சாயந்திரம் வீட்டுக்குப் போறாங்கல்ல, அதுவே பல பேருக்குக் கிடைக்காதது. ஆனா ஒண்ணு கேக்கணும். அவங்க ஆறு வயசுக் குழந்தையை அந்த நேரத்துல யார் பார்த்துக்கறா?

கறிவேப்பிலை:

பக்கத்து வீட்டுல ஒரு ஹோண்டுராஸ் அம்மா. ஸ்கூல்ல இருந்து கூட்டிட்டு வந்து வச்சுக்கறதுக்கு மாசாமாசம் காசு குடுக்கறாங்க. நான் குடுக்கற சம்பளத்துலேர்ந்து.

ராத்திரி_ஷிஃப்ட்:

நான் லாஸ் ஏஞ்சலஸ்ல செஞ்சுரி சிட்டியில ஒரு அலுவலகக் கட்டடத்துல சர்வர் பராமரிப்பு. ராத்திரி எட்டு மணிக்கு மேல நானும், துப்புரவு செய்யற ஆளுங்களும்தான். எங்க மாடிக்கு வர்றவங்க குவாத்தமாலாக்காரங்க. சாயந்திரம் ஆறு மணிக்கு வீட்டு வாசல்ல புருஷன் உள்ள நுழைவாராம், இவங்க வெளிய வருவாங்களாம். குழந்தை ஒரு கையிலேர்ந்து இன்னொரு கைக்கு. "வாரத்துல ஆறு நாள் நாங்க வாசப்படியிலதான் குடித்தனம் நடத்தறோம்"னு சிரிச்சுக்கிட்டே சொன்னாங்க. அதனால கணவன் சும்மா இருக்கான்னு யாரும் ஆரம்பிச்சுடாதீங்க. பகல்ல அம்மாவும் ராத்திரி அப்பாவும் பார்க்கிறதால அங்க ஆம்பளைங்க டயப்பர் மாத்தக் கத்துக்கிட்டாங்க. ஊர்ல இருந்திருந்தா தொட்டிருக்க மாட்டார்னு அவங்களே சொன்னாங்க.

இதே செஞ்சுரி சிட்டியில 1990 ஜூன் 15-ம் தேதி ஊர்வலமா வந்த துப்புரவுத் தொழிலாளிங்களைப் போலீஸ் அடிச்சு நொறுக்குச்சு. அதுல நிறைய பேர் மெக்சிகோ, மத்திய அமெரிக்கப் பெண்கள். அந்த அடிக்கப்புறம்தான் சங்கத்துக்கு ஒப்பந்தம் கிடைச்சது. 2000-ல மூணு வாரம் வேலைநிறுத்தம், குப்பை மாடி மாடியா நாறுச்சுன்னு எங்க பழைய மேனேஜர் சொல்வார்.

பேசப்படாத ஒண்ணு இருக்கு. ஆள் இல்லாத மாடியில தனியா வேலை செய்யற பெண்கிட்ட சூப்பர்வைசர் எப்படி நடந்துப்பான்ங்கறது. வருஷக்கணக்கா வாயைத் திறக்க முடியாம இருந்தாங்க. 2016-ல மாநிலத் தலைநகர் சாக்ரமென்டோவுல அந்தப் பெண்களே உண்ணாவிரதம் உட்கார்ந்த பிறகு கலிபோர்னியாவுல சட்டம் வந்துச்சு, இந்தத் தொழில்ல பாலியல் தொல்லை பத்திப் பயிற்சி கட்டாயம்னு.

நெறியாளர்: தேர்தல், கட்சி பற்றிய மூன்று பதிவுகளை நீக்கியிருக்கிறேன். இழை நன்றாகப் போகிறது, கெடுக்க வேண்டாம்.

ஞாயிறு_சந்தை:

கறிவேப்பிலை, அவங்ககிட்ட "குச்சுபால்" போடறீங்களான்னு கேட்டுப் பாருங்க, முகம் மலர்ந்துடும். நம்ம சீட்டுதான். மெக்சிகோக்காரங்க "தாந்தா"ம்பாங்க. நான் வேலை செய்யற கிளினிக்ல பத்து பேர், வாரம் நூறு டாலர், வாராவாரம் ஒருத்தருக்கு ஆயிரம். ஏலம் கிடையாது, தள்ளு கிடையாது, நம்பர் குலுக்கல். அவசரம்னா நம்பர் மாத்திப்பாங்க. என்னையும் சேர்த்தாங்க, ரெண்டு வருஷமா ஒரு வாரம்கூடத் தவறினதில்லை. வங்கிக் கணக்கு இல்லாதவங்களுக்கு வாடகை அட்வான்ஸ், வக்கீல் ஃபீஸ், பிள்ளையைக் கூட்டிவர்ற செலவு எல்லாம் இதுலதான்.

அனுப்பற பணம் சின்ன விஷயம் இல்லை. எல் சல்வடோர் நாட்டு வருமானத்துல அஞ்சுல ஒரு பங்குக்கு மேல இப்படி வெளிநாட்டுலேர்ந்து போறதுதான். 2001-லேர்ந்து அங்க டாலர்தான் பணமே.

பணம் தவிர பார்சல் வேற. "வியாஹெரோ"ன்னு ஆளுங்க இருக்காங்க, பயணிகள்னு அர்த்தம். காகிதம் உள்ளவங்க, மாசம் ஒரு தடவை பறந்து போய்ட்டு வருவாங்க. இங்கேருந்து ஷூ, மாத்திரை, போன். அங்கேருந்து பாலாடைக்கட்டி, பாட்டி சுட்ட ரொட்டி. ஒரு தோழி அனுப்பின ஷூ ஒவ்வொரு தடவையும் சின்னதாப் போகுமாம். அவ மனசுல பிள்ளையோட கால் அவ கிளம்பின அன்னிக்கு இருந்த அளவுலயே நின்னுடுச்சு. கடைசியில பாட்டி, காலைச் செய்தித்தாள் மேல வச்சுப் பென்சிலால சுத்திக் கோடு போட்டு வியாஹெரோகிட்ட குடுத்து விட்டாங்க. அந்தத் தாளை எங்க எல்லாருக்கும் காட்டினா.

பூண்டு_நகரம்:

கலிபோர்னியாவின் கில்ராயிலிருந்து. வீட்டு வேலை மட்டும் பேசுகிறீர்கள், எங்கள் பக்கம் வயலும் தொழிற்சாலையும்தான். மலையைத் தாண்டினால் வாட்சன்வில். அங்கே உறைபதனத் தொழிற்சாலைகளில் பிராக்கோலி, கீரை வெட்டியவர்கள் பெரும்பாலும் மெக்சிகோவிலிருந்து வந்த பெண்கள். 1985 செப்டம்பரில் கூலியைக் குறைத்தபோது ஏறக்குறைய ஆயிரம் பேர் வெளியே வந்தார்கள். பதினெட்டு மாதம். அவர்களில் ஒருவர்கூட மறியல் கோட்டைத் தாண்டி வேலைக்குப் போகவில்லை. பல வீடுகளில் ஒரே வருமானம் இந்தப் பெண்களுடையது. வீட்டில் சண்டை, பிள்ளைகளை மறியல் இடத்துக்கே கூட்டிவந்து பாடம் சொல்லிக்கொடுப்பது, ஒரே வீட்டில் மூன்று குடும்பம் என்று ஓட்டியிருக்கிறார்கள்.

கடைசியில் கூலி ஓரளவு படிந்தது. சங்கத் தலைவர்கள் முடித்துக்கொள்ளலாம் என்றார்கள். பெண்கள் ஒத்துக்கொள்ளவில்லை, குடும்பத்துக்கான மருத்துவக் காப்பீடு இல்லாமல் உள்ளே போகமாட்டோம் என்று உட்கார்ந்தார்கள். முழங்காலால் நடந்து தேவாலயத்துக்குப் போனார்கள், தார்ச் சாலையில். 1987 மார்ச்சில் காப்பீடு கிடைத்தது. வேலை வேறு, குடும்பம் வேறு என்று நாம் பேசுகிறோமே, அவர்கள் பதினெட்டு மாதம் நின்றதே பிள்ளையின் காய்ச்சலுக்காகத்தான்.

(அந்த ஆலைகளின் வேலை பிறகு பெரும்பாலும் மெக்சிகோவுக்கே போய்விட்டது. அதையும் சொல்லாவிட்டால் கதை பாதிதான்.)

டிஃபன்_டப்பா:

ஒரு உயர்நிலைப் பள்ளியில் புதிதாக வந்த பிள்ளைகளின் வகுப்பில் உதவி ஆசிரியை. கறிவேப்பிலை, அந்தப் பெண்ணைப் பற்றிக் கேட்டீர்கள். நான் பார்த்த வரைக்கும் சொல்கிறேன்.

அந்தப் பிள்ளைக்கு அம்மா கிடைத்தது மட்டும் தெரிகிறது நமக்கு. ஆனால் அது பாட்டியை ஊரில் விட்டுவிட்டு வந்திருக்கிறது. பதினோரு வருஷம் தலை பின்னியவள். அந்தத் துக்கத்தை அம்மாவிடம் சொல்லவும் முடியாது, "உனக்காகத்தானே இத்தனையும்" என்று பதில் வரும். வீட்டில் இங்கே பிறந்த தம்பி வேறு, அவன் மட்டும் அம்மாவோடு வளர்ந்தவன், ஆங்கிலத்தில் அதட்டுகிறான். தம்பியைப் பார்த்துக்கொள், சமைத்து வை என்று ஆரம்பித்தால் இன்னும் மோசம். நான் இங்கே வேலைக்காரியாக வந்தேனா என்று ஒரு மாணவி என்னிடமே கேட்டாள். அந்த வார்த்தை அவள் அம்மா காதில் விழுந்தால் என்ன ஆகும் என்று யோசித்துப் பாருங்கள்.

பேசச் சொல்லி நெருக்க வேண்டாம். அவர்களுக்கு வேண்டியது ஒன்றாக இருக்கிற நேரம். அம்மா வீட்டுக்கு வரும்போது மணி என்ன?

கறிவேப்பிலை:

எங்க வீட்டுலேர்ந்து 6.15-க்குக் கிளம்பறாங்க. ரெண்டு பஸ். எட்டு ஆயிடும். காலையில 7.30-க்கு வந்துடறாங்க.

கணக்குப்பிள்ளை:

இழையை வேறு பக்கம் திருப்புவதற்கு மன்னிக்கவும். 7.30-லிருந்து 6.15 என்றால் பத்தே முக்கால் மணி நேரம். என்ன கொடுக்கிறீர்கள்?

கறிவேப்பிலை:

நாளுக்கு 180. மணிக்கு 20ன்னு பேசி, ஒன்பது மணி நேரக் கணக்கு. பணமாத்தான். நாங்க டிராஃபிக்ல மாட்டிக்கிட்டு லேட் ஆக ஆக அது அப்படியே நீண்டுடுச்சு.

கணக்குப்பிள்ளை:

கலிபோர்னியாவில் 2014 முதல் நடப்பில் இருக்கிற சட்டம்: குழந்தை பார்ப்பவருக்கு நாளில் 9 மணி நேரத்துக்கு மேலோ வாரத்தில் 45-க்கு மேலோ போனால் ஒன்றரை மடங்கு. அவரிடம் காகிதம் இருக்கிறதா இல்லையா என்பது கூலிக் கணக்கில் வராது. உங்கள் கணக்கில் ஒன்றே முக்கால் மணி, மணிக்கு 30, ஆக ஒரு நாளைக்கு 52.50 பாக்கி. வாரத்துக்கு 262.50. பதினைந்து மாதத்துக்கு நீங்களே பெருக்கிக்கொள்ளுங்கள்.

வரியும் உண்டு. வீட்டு வேலை செய்பவருக்கு 2024-இல் 2,700 டாலருக்கு மேல் கொடுத்தால் சமூகப் பாதுகாப்பு (ஓய்வூதியம்), மெடிகேர் (முதியோர் மருத்துவக் காப்பீடு) வரி கட்ட வேண்டும். 1993-இல் கிளின்டன் அட்டர்னி ஜெனரலாக நியமிக்க நினைத்த ஸோயி பேர்ட் பெயரைத் திரும்பப் பெற்றதே இதனால்தான். பெரு நாட்டுத் தம்பதியைக் காகிதமில்லாமல் வேலைக்கு வைத்தது, வரி கட்டாதது. பெரிய வக்கீலே தடுக்கி விழுந்த இடம்.

பின்கதையும் தெரிந்துகொள்ளுங்கள். 1935, 1938 தொழிலாளர் சட்டங்களில் வீட்டு வேலைக்காரரையும் வயல் கூலிகளையும் விட்டுவிட்டார்கள். அப்போது தெற்கே அந்த வேலைகளைச் செய்தவர்கள் பெரும்பாலும் கறுப்பினத்தவர். 1974-இல்தான் வீட்டு வேலைக்குக் குறைந்தபட்சக் கூலி. நியூயார்க் 2010-இல் முதல் மாநிலமாகத் தனிச் சட்டம் போட்டது. அந்தப் பழைய ஓட்டை வழியாகத்தான் இன்றைக்கும் நல்ல மனிதர்கள்கூட, உங்களைத்தான் சொல்கிறேன், தெரியாமல் நுழைந்துவிடுகிறோம்.

மூன்றாம்மாடி:

காசு காசுன்னு ஓடறாங்கன்னு நான் ஆரம்பத்துல எழுதினதை நெறியாளர் அழிச்சா நல்லா இருக்கும்.

நெறியாளர்: இருக்கட்டும். பதில்கள் அதற்குத்தான் வந்திருக்கின்றன.

கறிவேப்பிலை (பதினெட்டு நாள் கழித்து):

எல்லாருக்கும் நன்றி. கணக்குப்பிள்ளை சார் மேல ரெண்டு நாள் கோவமா இருந்தேன், உண்மை. இன்னொண்ணையும் சொல்லிடறேன். பொண்ணு வந்த அந்த வியாழக்கிழமை அவங்க லீவு போட்டாங்க. அன்னிக்குச் சம்பளம் பிடிச்சேன். பிடிச்சுட்டு, பொண்ணுக்குன்னு ஒரு ஸ்வெட்டர் வாங்கிக் குடுத்தேன்.

நானும் வீட்டுக்காரரும் உட்கார்ந்து கேலண்டரைப் பார்த்துக் கணக்குப் போட்டு ஒரு தாள்ல எழுதிக் குடுத்தோம். அவங்க வாங்கிப் படிச்சாங்க, ஒண்ணும் சொல்லலை. மறுநாள் பையிலேர்ந்து ஒரு ஸ்கூல் நோட்டை எடுத்தாங்க. முதல் நாள்லேர்ந்து எல்லா நாளும் இருக்கு. வந்த நேரம், போன நேரம், சின்னச் சின்ன எழுத்துல. நான் "பத்து நிமிஷம் லேட்"ன்னு மெசேஜ் போட்டு ஐம்பது நிமிஷம் கழிச்சு வந்த நாளெல்லாம் இருக்கு. எங்க கணக்குல பதினோரு நாள் விட்டுப்போயிருந்தது. அவங்க கணக்குதான் சரி. மூணு தவணையா குடுக்கறோம்.

இப்போ அவங்க 4.30-க்குக் கிளம்பிடறாங்க. அதுக்கப்புறம் எங்க வீட்டுக்காரர் பார்த்துக்கறார், முதல் வாரமே ரெண்டு மீட்டிங்ல பையனோட அழுகை எல்லாருக்கும் கேட்டிருக்கு. பொண்ணு இன்னும் பேசலை. அறைக்குள்ள சாப்பாட்டைக் கொண்டுபோறதை மட்டும் விட்டுடுச்சாம். பையன் இன்னும் "மாமி"தான். திருத்தலாமான்னு கேட்டேன். வேணாம்னுட்டாங்க.

வீட்டு வேலை செய்யறவங்களுக்கான வரியைக் கட்டற ஷெட்யூல் எச் படிவம் யாராவது வக்கீல், ஆடிட்டர் இல்லாம தானே நிரப்பியிருக்கீங்களா? ஏப்ரலுக்குள்ள போடணுமாம். முந்தைய வருஷத்துக்குத் தனியாப் போடணுமா, ஒண்ணாவா?